அடிக்காத அலாரம்

அலுவலகத்தில் அவளுக்குச் சோதனைக்காரி என்றுதான் பெயர். எதைக் கொடுத்தாலும் நோண்டி நொங்கெடுத்துவிடுவாள். குறைமாதக் குழந்தைகளின் காலில் மாட்டும் பட்டை ஒன்றை அந்தச் சின்ன கம்பெனி செய்து விற்றது. குழந்தை மூச்சுவிட மறந்தால் பட்டையில் சிவப்பு விளக்கு எரியும். போனில் திறந்து வைத்திருக்கும் இணையப் பக்கம் வீல் என்று கத்தும். போனில் உள்ள மூன்று பிரவுசரிலும் அந்தக் கத்தலைச் சோதித்து, மூன்றும் சரி என்று கையெழுத்துப் போட்டவள் அவள்தான்.

அன்று மத்தியானம் சாப்பிட்டுக் கை கழுவிவிட்டு வந்து பார்த்தால், சோதனை போன் தானாகவே அப்டேட் ஆகியிருந்தது. எதற்கும் பார்ப்போமே என்று பக்கத்தைத் திறந்து, திரையை அணைத்து, பட்டையை மூச்சு நின்ற நிலைக்கு மாற்றினாள். சிவப்பு எரிந்தது. போன் கம்மென்று கிடந்தது. இரண்டாவது பிரவுசரும் அப்படியே. மூன்றாவதும் வாய் திறக்கவில்லை.

“மூணும் ஒரே நேரத்துல எப்படிடா கெடும்?” என்று பக்கத்து மேஜைப் புரோகிராமரைக் கேட்டாள். அவனைக் கண்ணாடி என்றுதான் எல்லோரும் கூப்பிடுவார்கள்.

“மூணுன்னு யாரு சொன்னா? இந்த போன்ல எந்த பிரவுசர் போட்டாலும் உள்ள பக்கத்தை ஓட்டுறது போன் கம்பெனிக்காரனோட எஞ்சினாத்தான் இருக்கணும். அதான் அவன் ரூல். சட்டைதான் வேற, ஆள் ஒண்ணு. அப்டேட்ல அந்த எஞ்சின் படுத்தா மூணும் படுத்துடும்.”

“கம்ப்யூட்டர்ல அப்படி இல்லையேடா!”

“இது போனாச்சே.”

அட கடவுளே! இத்தனை வருஷம் கம்ப்யூட்டரிலேயே குப்பை கொட்டியவளுக்கு இது தோன்றவே இல்லை. மூன்று சாட்சியை விசாரித்ததாக நினைத்துக்கொண்டு ஒரே ஆளை மூன்று தடவை விசாரித்திருக்கிறாள்.

அப்போதுதான் தங்கை ஞாபகம் வந்தது. தங்கையின் பையனும் குறைமாதம்தான்; அவள் வீட்டு இரண்டு போனும் இதே கம்பெனி போன்தான். பட்டையை வாங்கி மாட்டிவிட்டு, அக்காதான் சொல்லிவிட்டு வந்தாள்: “ரெண்டு போன்ல ரெண்டு பிரவுசர்ல திறந்து வைடி. ஒண்ணு கழுத்தறுத்தாலும் இன்னொண்ணு கத்தும். போன் ரிங்கை மட்டும் அடக்கிடு, பக்கம் அப்பவும் கத்தும்; இல்லைன்னா கண்டவனும் கூப்பிட்டுக் குழந்தையை எழுப்பிடுவான். நீ நிம்மதியா தூங்கு.”

கூப்பிட்டாள். எடுக்கவில்லை. மறுபடி கூப்பிட்டாள். எப்படி எடுப்பாள், பாவி, ரிங்கை அடக்கச் சொன்னதே இவள்தானே! தங்கை வீட்டுக்காரரும் வேலைக்குப் போயிருக்கும் நேரம்.

இரண்டு தெரு தள்ளியிருந்த தங்கை வீட்டுக்கு ஒற்றைச் செருப்போடு ஓடினாள். பின்னாலேயே வந்த வண்டிக்காரன், “சாகணும்னா வேற வண்டி பாரும்மா!” என்று கத்தியது கூடக் காதில் ஏறவில்லை. ஒன்றும் ஆகியிருக்காது, ஒன்றும் ஆகியிருக்காது என்று வாய் முணுமுணுத்தது. மனசு நம்பவில்லை. தங்கை வீட்டுக்கு அவளிடம் ஒரு சாவி உண்டு. அவசரத்தில் அது பூட்டுக்குள் போவேனா என்றது.

உள்ளே மின்விசிறி ஓடிக்கொண்டிருந்தது. தங்கை வாயைப் பிளந்துகொண்டு அசந்து தூங்கினாள். தலைமாட்டில் இரண்டு போனும் இருட்டாகக் கிடந்தன. தொட்டிலில், குட்டிக் காலில், சிவப்பு விளக்கு.

உதடு நீலம் பாரித்திருந்தது. வாரி எடுத்தாள். முதுகைத் தேய்த்தாள், உள்ளங்காலைச் சுண்டினாள். “டேய் ராசா, மூச்சு விடுடா, பெரியம்மாடா, விடுடா!” மறுபடி சுண்டினாள். ஒரு விக்கல். பிறகு வீடே அதிரும் அழுகை. அவள் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

தங்கை கண்ணைக் கசக்கிக்கொண்டு எழுந்தாள். “ஏன்க்கா எழுப்பினே? இப்பதான் தூங்கினான்.”

“அவன் மூச்சு நின்னு போச்சுடி!”

“போக்கா, அலாரம் அடிக்கலையே. அடிக்கலைன்னா நல்லா இருக்கான்னு நீதானே சொன்னே?”

குழந்தையை மார்போடு அணைத்தபடியே அலுவலகத்துக்குப் போன் போட்டாள்.

“கண்ணாடி, பட்டை வாங்கின எல்லா வீட்டுக்கும் உடனே கூப்பிடு. எல்லாரையும் எழுப்பு!”

“நீ ஓடினதுலேர்ந்து அதைத்தான் பண்றோம்” என்றான் அவன். “ஒருத்தரும் எடுக்கலையே. ரிங்கை அடக்கி வையுங்கன்னு நாமதானே பெட்டியிலயே அச்சடிச்சிருக்கோம்.”

அந்த வரியை எழுதிக் கொடுத்தவளும் அவள்தான்.