கோசுமல்லிக்குக் கமலாச் சாறு

குமுதா மன்னி காலமாகி ஒரு வருஷமாகப் போகிறது. அவள் கணவர் பாச்சாவும் என் கணவர் முரளீதரனும் அதற்கு முன்பே போய்விட்டார்கள். அந்த வீட்டில் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிட்டவர்களில் நான் ஒருத்திதான் மிச்சம். பதின்மூன்றாம் நாள் வந்தவர்கள் எல்லோரும் மன்னியின் கைமணத்தைப் பற்றியே பேசினார்கள். நானும் தலையாட்டினேன். அந்தக் கைமணத்தின் மேல் எனக்கு இருந்த பொறாமையைப் பற்றி அங்கே எப்படிப் பேசுவது? இப்போது எழுதுகிறேன்.

நான் திருப்புட்குழியிலிருந்து சின்ன காஞ்சிபுரத்துக்கு வாழ்க்கைப்பட்டு வந்தது எழுபதாம் வருஷம். மன்னி எனக்கு மூத்த ஓர்ப்படி, என் கணவரின் அண்ணா மனைவி, ஏழு வயது பெரியவள். நான் எஸ்.எஸ்.எல்.சி. பாஸ் செய்தவள், அவள் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். இதை நான் ஒரு நாளும் மறந்ததில்லை. மாமியார் இல்லாத வீடு. மாமனார் ஓய்வு பெற்ற சம்ஸ்கிருத வாத்தியார், அதிகம் பேச மாட்டார். பேசினால் "குமுதா" என்றுதான் ஆரம்பிப்பார். தீர்த்தம் வேண்டுமானாலும் குமுதா, மூக்குக்கண்ணாடியைக் காணவில்லை என்றாலும் குமுதா. நான் பக்கத்திலேயே நின்றுகொண்டிருப்பேன்.

என் கணவரும் அப்படித்தான். நான் செய்த கறியைச் சாப்பிட்டால் "நன்னாருக்கு" என்பார். மன்னி செய்ததைச் சாப்பிட்டால் எதுவும் சொல்ல மாட்டார், இன்னொரு தரம் போடச் சொல்வார். இரண்டில் எது பாராட்டு என்று எனக்குத் தெரியாதா?

எல்லாவற்றையும்விட என்னை எரித்தது அவளுடைய ஸ்ரீராமநவமிக் கோசுமல்லி. மற்ற வீடுகளில் ஊறின பயத்தம்பருப்பில் வெள்ளரிக்காயும் மாங்காயும் தேங்காயும் போட்டு எலுமிச்சம்பழம் பிழிவார்கள். மன்னி எலுமிச்சையைத் தொட மாட்டாள். கமலா ஆரஞ்சுச் சுளைகளைத் தோலும் நாரும் கொட்டையும் இல்லாமல் உரித்து, ஒரு பிடி பன்னீர் திராட்சையோடு மெல்லிய துணியில் கட்டி, சாயக்காரர்கள் பட்டு நூலை முறுக்குகிற மாதிரி முறுக்கிப் பிழிவாள். அதில் இஞ்சிச் சாறு, தட்டின மிளகு, தேன். கடைசியாக இன்னொன்று. அதை மட்டும் எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு அம்மியில் நசுக்கிச் சேர்ப்பாள். வாசனை வரும், என்னவென்று பிடிபடாது. சாறு கற்சட்டியில் தனியாக இருக்கும். பெருமாளுக்குக் காட்டிவிட்டு, இலையில் பருப்பைப் பரிமாறிய பிறகு ஒரு கரண்டி மேலே விடுவாள். முன்னாலேயே கலந்தால் வெள்ளரிக்காய் தண்ணீர் விட்டுக்கொள்ளும்.

கேட்டிருந்தால் சொல்லியிருப்பாள். அம்மி இருந்த மூலை அப்படி, யார் அரைத்தாலும் முதுகுதான் தெரியும். வேண்டுமென்றே மறைக்கிறாள் என்று நினைத்துக்கொண்டது நான். ஆனாலும் கேட்க வாய் வரவில்லை. கேட்டுவிட்டால் அவள் தெரிந்தவள், நான் தெரியாதவள் என்று ஆகிவிடும்.

எழுபத்திரண்டாம் வருஷம் அந்தக் கோசுமல்லிக்கு ஒரு புது மதிப்பு வந்தது. வைகாசி கருட சேவையன்று எங்கள் தெருக்காரர்கள் தண்ணீர்ப் பந்தல் போட்டு, சேவித்துவிட்டு வருகிற ஜனங்களுக்குப் பானகமும் கோசுமல்லியும் கொடுப்பது வழக்கம். பத்து வருஷமாகக் கோசுமல்லி செய்துகொண்டிருந்த சமையல்காரர் மகனோடு பம்பாய்க்குப் போய்விட்டார். இனி யார் கையால் செய்வது என்று முடிவு செய்யும் பொறுப்பு மாமனாரின் சிநேகிதர் வரதராஜன் மாமாவுடையது. எங்கள் தெருக்காரர்தான், அப்போது வாலாஜாபாத்தில் இருந்தார். ஸ்ரீராமநவமிக்கு வந்து, குமுதா கைக் கோசுமல்லியைச் சாப்பிட்டுப் பார்த்துவிட்டுச் சொல்வதாக எழுதியிருந்தார்.

மன்னி அந்தக் கார்டை எனக்குப் படித்துக் காட்டினாள்.

"ஒரே ஒரு வருஷம் போறும், தேவகி. அத்தனை ஜனத்துக்கும் என் கையால. அப்புறம் யார் வேணாப் பண்ணட்டும்" என்றாள். அவள் வாய்விட்டு ஒன்றை ஆசைப்பட்டு நான் கேட்டது அதுதான் முதல் தடவை.

"உங்களுக்குத்தான் மன்னி கிடைக்கும்" என்றேன். கிடைக்கக் கூடாது என்று அன்று விளக்கேற்றும்போது வேண்டிக்கொண்டேன். வீட்டுக்குள் இருக்கிற குமுதா போதாதா, ஊர் முழுக்க வேறு குமுதாவா?

நவமிக்கு முதல் நாள் ஆரஞ்சு வாங்க என்னை அனுப்பினாள். சந்நிதித் தெருவில் ஓரிக்கையிலிருந்து வரும் பழக்காரி பூவம்மாள் கூடையோடு உட்கார்ந்திருந்தாள்.

"இன்னாமா, நீ வந்துக்கீற? பெரியம்மா வரலியா?"

"ஏன், நான் வாங்கினா ஆகாதா?"

"ஆவும்மா, நல்லா ஆவும். அவங்கன்னா ஒவ்வொண்ணா மோந்து பார்த்து எடுப்பாங்கோ. நீ இன்னாடான்னா பல்லாங்குழி ஆடற மாதிரி எண்ணிக்கினு இருக்கிற."

பழக்காரிக்குக்கூட எங்களில் யார் கெட்டி என்று தெரிந்திருந்தது. மன்னி எட்டுப் பழம் வாங்கச் சொல்லியிருந்தாள். கோபத்தில் பன்னிரண்டு எடுத்துக்கொண்டு வந்தேன்.

மறுநாள் மாமா காலை பத்து மணிக்கு வந்துவிடுவார் என்று ஏற்பாடு. அவர் வந்து ராமாயணத்தில் பட்டாபிஷேகம் வாசித்து முடித்தபின்தான் பெருமாளுக்குக் காட்டுவது. மன்னி ஒன்பதரைக்கே எட்டுப் பழத்தையும் பிழிந்து கற்சட்டியில் வைத்துவிட்டாள். பத்து ஆயிற்று, பதினொன்று ஆயிற்று, மாமா வரவில்லை. பன்னிரண்டும் அடித்தது. மாமனார் கூடத்தில் புத்தகத்தைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். "வரதன் வராம ஆரம்பிக்கப்படாது" என்று ஒரே பேச்சாகச் சொல்லிவிட்டார். பாச்சா வாசலுக்கும் கூடத்துக்கும் நடந்துகொண்டே, "ராமர் வனவாசம் போய்ட்டே திரும்பி வந்துட்டார், வாலாஜாபாத் பஸ் வரலை" என்றார்.

பன்னிரண்டரைக்கு மாமா வந்தார். வழியில் பஸ் டயர் வெடித்துவிட்டதாம். கால் அலம்பிக்கொண்டு வாசிக்க உட்கார்ந்தார். மன்னி தீர்த்தத்துக்குப் புதுத் தண்ணீர் சேந்தக் கொல்லைக் கிணற்றுக்குப் போனாள்.

"சட்டியில ஈ உக்காராம பாத்துக்கோ, தேவகி. இதோ வந்துடறேன்."

நானும் கற்சட்டியும் மட்டும் இருந்தோம்.

எங்கள் வீடுகளில் பெருமாளுக்குக் காட்டுவதற்கு முன் எதையும் வாயில் வைக்கக் கூடாது. உப்பு, காரம் எல்லாம் கைக் கணக்கும் மூக்கும்தான். வாயில் வைத்துவிட்டால் அது எச்சில், அப்படியே கொட்டிவிட வேண்டும். இது எனக்கு நடக்கத் தெரிந்த நாளிலிருந்து தெரியும். தெரிந்தேதான் மோதிர விரலைச் சாற்றில் விட்டு நாக்கில் வைத்தேன். அந்தக் கடைசிச் சாமான் என்னவென்று ஒரு தடவை தெரிந்துகொண்டுவிட்டால் போதும் என்று இருந்தது.

முதலில் இனிப்பு. பிறகு இஞ்சி. அதற்குப் பிறகு அடித்தொண்டையில் ஒரு கசப்பு வந்து ஒட்டிக்கொண்டது. கமலாச் சாறு பிழிந்தவுடன் தித்திக்கும், மூன்று மணி நேரம் வைத்தால் கசந்துவிடும். மன்னி எப்போதும் கடைசி நிமிஷத்தில் பிழிவதன் காரணம் அதுவாக இருக்கலாம். அவளுக்கே அது தெரியாமலும் இருந்திருக்கலாம். நான் தேடிப் போன சாமான் அந்தக் கசப்பில் எங்கேயோ அமுங்கிவிட்டது.

சொல்ல நினைத்தேன். எப்படித் தெரியும் என்று கேட்டால்? மருமகள் பெருமாள் பிரசாதத்தில் எச்சில் விரலை விட்டாள் என்று ஆகும். பயமாகத்தான் இருந்தது. பல வருஷம் அந்தப் பயத்தையே காரணமாகச் சொல்லிக்கொண்டேன். ஆனால் அது முழு உண்மையில்லை. கை தவறினது போலச் சட்டியைக் கவிழ்த்திருக்கலாம். "ஐயோ மன்னி, கொட்டிடுத்து" என்றால் நாலு திட்டு விழும், அவ்வளவுதான். நான் கூடுதலாக வாங்கிய நாலு ஆரஞ்சு கூடையிலேயே இருந்தது. மாமா வாசித்து முடிக்க இன்னும் அரை மணி இருந்தது. இதெல்லாம் எனக்கு அப்போதே தோன்றியது. சட்டியின் விளிம்பில் கைகூட வைத்தேன். பிறகு கையை எடுத்துக்கொண்டு விசிறியை எடுத்து ஈ ஓட்டினேன்.

மன்னி தண்ணீரோடு உள்ளே வந்து என் முகத்தை ஒரு தடவை பார்த்தாள். பிறகு சட்டியைத் தூக்கிக்கொண்டு போய்ப் பெருமாள் முன் வைத்தாள்.

இலை போட்டு எட்டுப் பேர் உட்கார்ந்தார்கள். நான் பருப்பைப் பரிமாறிக்கொண்டே போனேன், மன்னி பின்னால் சாற்றை விட்டுக்கொண்டே வந்தாள். மாமா ஒரு வாய் போட்டுக்கொண்டார். மெல்லுவதை நிறுத்தினார்.

"என்னம்மா குமுதா, வேப்பம்பூ ஏதாவது கிள்ளிப் போட்டயோ? வருஷப் பிறப்புக்கு இன்னும் மூணு வாரம் இருக்கே."

பாச்சா சாப்பிட்டுப் பார்த்துவிட்டு, "வனவாசக் கஷ்டம் நமக்கும் தெரியட்டும்னு பண்ணியிருக்கா, மாமா" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். மாமனார் மட்டும் சிரிக்காமல், பிரசாதம் என்று முழுவதையும் சாப்பிட்டார். என் கணவர் கோசுமல்லியை விரலால் இலை ஓரத்துக்குத் தள்ளினார். மன்னி செய்த ஒன்றை அவர் தள்ளி நான் பார்த்ததே இல்லை. இரண்டு வருஷமாக நான் காத்திருந்தது அதற்குத்தான் போலிருக்கிறது. நெஞ்சுக்குள் அப்படி ஒரு குளிர்ச்சி.

மன்னி கரண்டியோடு நின்றாள். சிரித்தவர்களைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்தாள்.

கை அலம்பிய பிறகு மாமா மாமனாரிடம், "கருட சேவைக்கு எதிராத்து அம்ருதவல்லியையே பண்ணச் சொல்லிடலாம். எலுமிச்சம்பழம்னா நம்பிச் சாப்பிடலாம்" என்று சொன்னது சமையல் உள் வரைக்கும் கேட்டது.

சாயங்காலம் கிணற்றடியில் மன்னி கற்சட்டியைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். நான் தண்ணீர் ஊற்றினேன்.

"நீ விரலை விட்டதைக் கொல்லைக் கதவுலேர்ந்து பாத்தேன்" என்றாள்.

குடம் என் கையிலேயே நின்றது.

"பார்த்தும் ஏன் மன்னி..."

"நாலு பேர் உக்காந்திருக்கற எடத்துல உன்னைக் காட்டிக் குடுக்கச் சொல்றியா? சின்னவ, ஆசையில தொட்டுட்டா, பொறுத்துக்கோன்னு பெருமாள்கிட்ட நானே சொல்லிண்டுட்டேன்." சட்டியைத் திருப்பித் தேய்த்தாள். "நேரமாயிடுத்தே, சாறு எப்படி இருக்கோன்னு எனக்கு உள்ளூரக் கவலை. நீ நாக்குல வெச்சுப் பாத்துட்டுப் பேசாம விசிறிண்டிருந்தே. சரி, நன்னாத்தான் இருக்குன்னு தைரியமாப் பரிமாறினேன்."

நான் குடத்தைக் கீழே வைத்தேன்.

"அப்பவே கசந்துதா?"

"கசந்தது."

"சொல்லலையே நீ."

"சொல்லலை."

அவள் சட்டியைக் கவிழ்த்துத் தண்ணீரை வடித்தாள். கண் கலங்கியிருந்ததா என்று தெரியவில்லை, முகத்தில் தண்ணீர் தெறித்திருந்தது. பிறகு சட்டியை எடுத்துக்கொண்டு எழுந்தாள்.

"கடைசியாப் போடறது நார்த்த இலைக் கொழுந்து. அதைத்தானே தேடினே?" என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள்.

அதன் பிறகு அவள் என்னிடம் ஒரு வார்த்தை குறைத்துப் பேசவில்லை. யாரிடமும் சொல்லவும் இல்லை. என் தலையைப் பின்னி விட்டாள், எனக்கு ஜுரம் வந்தபோது கஞ்சி வைத்துக் கொடுத்தாள். ஒரு தடவை திட்டியிருந்தால் எனக்கு விடிந்திருக்கும். இப்போது பொறுத்துப்போவதிலும் அவளே கெட்டிக்காரி ஆகிவிட்டாள். செய்த தப்புக்கு வெட்கப்பட்டுக்கொண்டே அவள் மேல் பொறாமையும் பட்டுக்கொண்டிருந்தேன்.

வைகாசியில் கருட சேவை வந்தது. விடியும்போதே பெருமாள் கருடன் மேல், குடைகள் ஆட, கோபுர வாசலைக் கடந்து போனார். கூட்டம் கொஞ்சம் கலைந்ததும் நானும் மன்னியும் எங்கள் தெருப் பந்தலுக்கு வந்தோம். அம்ருதவல்லி மாம்பழக் கலர்ப் பட்டுப்புடவையைத் தூக்கிச் சொருகிக்கொண்டு, அண்டாவிலிருந்து தொன்னை தொன்னையாக அள்ளிக் கொடுத்துக்கொண்டிருந்தாள். வரதராஜன் மாமா பக்கத்தில் நின்று, "இந்தக் கைக்கு ஒரு வளை போடணும்" என்று வருகிறவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தார்.

ஆளுக்கொரு தொன்னை வாங்கிக்கொண்டு பந்தல்கால் ஓரமாக ஒதுங்கினோம். மன்னி ஒரு வாய் சாப்பிட்டாள். மெதுவாக மென்றாள். அம்ருதவல்லி இருந்த பக்கம் ஒரு தடவை பார்த்துவிட்டு என் பக்கம் குனிந்தாள்.

"உப்பு தூக்கலா இருக்கோன்னோ?"

நான் சாப்பிட்டுப் பார்த்தேன். உப்பு சரியாகத்தான் இருந்தது. சொல்லப்போனால் எல்லாமே நன்றாக இருந்தது. மன்னியைப் பார்த்தேன். உதடு ஒரு பக்கமாக இறுகி, மூக்கு நுனி சிவந்திருந்தது. அவள் முகத்தில் நான் அதுவரை பார்க்காத ஒன்று, ஆனால் எனக்கு மிக நன்றாகத் தெரிந்த ஒன்று.

"ஆமாம் மன்னி. தூக்கல்தான்" என்றேன்.

"வெள்ளரிக்காயும் முத்தல்."

"விதையெல்லாம் பல்லுல மாட்டறது."

"அந்தக் கைக்கு வளையாம், வளை."

இரண்டு பேரும் தொன்னையை வழித்துச் சாப்பிட்டுவிட்டு, இன்னொரு தரம் வாங்க வரிசையில் போய் நின்றோம்.