மொனேரா சொன்ன ஊர்

மலை மேல் இருந்த அந்த அரசுப் பல்கலைக்கழகத்தில் சேர வரும் பிள்ளைகளிடம், விண்ணப்பத்தில் இல்லாத ஒரு கேள்வியை மூன்றாம் ஜன்னலில் கேட்பார்கள். "யார் வீட்டுப் பிள்ளை நீ? அம்மா வழி எந்த ஊர்?"

கேட்பவள் மொனேரா. பதினொரு வருஷமாக அவள்தான் கேட்கிறாள். பதில் வந்ததும் பெயருக்குப் பக்கத்தில் பென்சிலால் சின்னதாக ஒரு குறி போடுவாள். அந்தக் குறியை அவளைத் தவிர யாரும் படிக்க முடியாது. ஏரியைச் சுற்றியுள்ள ஊர்களில் எந்த வீட்டுக்கும் எந்த வீட்டுக்கும் பகை, எது தீர்ந்தது, எது இன்னும் புகைகிறது என்பதெல்லாம் அவள் தலைக்குள் இருந்தது. பகையாளி வீட்டுப் பிள்ளைகள் ஒரே வகுப்பில் உட்காராமல் பார்த்துப் பிரித்துப் போடுவாள். இந்த ஏரிக்கரை முஸ்லிம்களான எங்கள் மாரனாவ் ஜனங்களில் குடும்பப் பெயரை வைத்துக்கொண்டு ஒன்றும் கண்டுபிடிக்க முடியாது. ஒரே வயிற்றில் பிறந்த நாலு பேருக்கு நாலு குடும்பப் பெயர் இருக்கும். கம்ப்யூட்டர் இதில் திணறியது. வாசலில் துப்பாக்கிகளை வாங்கி வைத்துக்கொள்ளும் ராணுவக்காரனும் திணறினான். மொனேரா மட்டும் திணறியதில்லை.

இந்த வித்தையை அவளுக்கு யாரும் சொல்லித் தரவில்லை. பட்டுத் தெரிந்துகொண்டது. அவள் தம்பி கமரோடின், ஒரு எருமை வாய்க்கால் தாண்டிப் போன தகராறில், கபோசான் ஊர் அபோலைஸைச் சந்தை நடுவில் சுட்டுவிட்டான். சுட்டவன் மலைக்குள் ஓடிப் போனான். இரண்டு வீட்டிலும் மாறி மாறி மூன்று உயிர் போனது. பெண்களைச் சுடுவதில்லை என்பது வழக்கம்தான். ஆனால் அந்த வழக்கத்தை நம்பி கபோசான் வழியாக அவளை ஏற்றிக்கொண்டு போக ஒரு ஜீப்காரனும் தயாராக இல்லை. அவள் ஊருக்குப் போக வேறு சாலையும் இல்லை. அம்மா செத்த சேதி போனில்தான் வந்தது. மண் போடக் கூட அவள் போகவில்லை. பெண் கேட்டு வந்த ஒரே ஒருவனும், பகையைச் சேர்த்துக் கட்டிக்கொள்ள வேண்டும் என்று தெரிந்ததும் தலைமறைவானான்.

ஆக, வளாகத்துக்குள் ஊழியர் குடியிருப்பில் ஓர் அறை, ஒரு ஜன்னல், ஜன்னலுக்கு வெளியே மூடுபனி. வெள்ளிக்கிழமை பகலில் மற்றவர்கள் எல்லாம் மூட்டை கட்டிக்கொண்டு ஊருக்குப் போய்விடுவார்கள். இரண்டாம் ஜன்னலில் வேலை பார்க்கும் எர்லிண்டா கூட, கடற்கரைப் பக்கத்துக் கிறிஸ்தவப் பெண், பதினைந்து வருஷமாக வாரம் தவறாமல் ஜீப்பில் தொற்றிக்கொண்டு இறங்கிவிடுவாள். மொனேரா அரைக் கப் அரிசி போட்டு, வானொலியைச் சத்தமாக வைத்துக்கொண்டு சாப்பிடுவாள். தனிமை பழகிப் போகும் என்று சொல்பவர்களைக் கண்டால் எனக்கு எரிச்சல் வரும். அவளுக்குப் பழகவே இல்லை.

அந்த வருஷச் சேர்க்கையில்தான் அஸ்லைனா வந்தாள். ஒல்லியான பெண். மீன்வளப் படிப்பு, அரசு உதவித்தொகை. பெஞ்சில் அவள் சித்தப்பா மீசையை நீவிக்கொண்டு உட்கார்ந்து, யார் எந்தப் பக்கம் நடக்கிறார்கள் என்று எண்ணிக்கொண்டிருந்தார்.

"யார் வீட்டுப் பிள்ளை நீ?"

"கபோசான் அபோலைஸ் பொண்ணு, பாபோ. நான்தான் மூத்தவ." அத்தை முறைக்கு நாங்கள் சொல்லும் 'பாபோ'வை அவள் அத்தனை வாஞ்சையாகச் சொன்னாள். "அப்பாவச் சுட்டப்ப எனக்கு ஏழு வயசு."

மொனேரா குறி போடப் போனாள். பென்சிலை எடுத்தாள், வைத்தாள். அஸ்லைனா அதைக் கவனிக்கவில்லை. கேட்டவரைத் திருப்பி விசாரிக்காமல் விடுவது எங்களிடம் மரியாதைக் குறைவு, அதனால் அவளும் கேட்டாள்.

"நீங்க யார் வீட்டுப் பொண்ணு, பாபோ?"

உண்மையைச் சொல்லியிருந்தால், சித்தப்பா அங்கேயே காகிதங்களைப் பிடுங்கிக்கொண்டு அந்தப் பெண்ணை இழுத்துப் போயிருப்பார். கொன்றவனின் அக்கா கையால் எங்கள் வீட்டுப் பிள்ளைக்குப் படிப்பா என்று ஊரே கேட்டிருக்கும். அந்த உதவித்தொகை அடுத்த வருஷம் மறுபடியும் வராது. மொனேரா பெஞ்சைப் பார்த்தாள், பெண்ணைப் பார்த்தாள்.

"வடகரை. லுமாயோன்" என்றாள். அவள் வாழ்க்கையில் அந்த ஊரை மிதித்ததே இல்லை.

"லுமாயோனா!" அஸ்லைனா ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு குதித்தாள். "எங்கப்பாவோட பாட்டி லுமாயோன்தான்! அப்ப நீங்க சும்மா பாபோ இல்ல, நெசமாவே எனக்கு பாபோ! சித்தப்பா, இங்க பாருங்க, நமக்குச் சொந்தம்!"

சித்தப்பா மீசைக்குள் சிரித்தார். இரண்டாம் ஜன்னலில் எர்லிண்டா தும்மல் வந்தது போல் முகத்தை மூடிக்கொண்டாள். அங்கே உண்மை தெரிந்த ஒரே ஆள் அவள்தான்.

"மழைக்குக் காளான் மாதிரி சொந்தம் முளைக்குதேடி உனக்கு" என்றாள் மத்தியானம். "எப்ப சொல்லப் போற?"

"அவ பேரு பதிவாகட்டும். அப்புறம் சொல்றேன்."

பேர் பதிவானது. அஸ்லைனா அந்த வெள்ளிக்கிழமையே வந்து கதவைத் தட்டினாள். கையில் ஒரு பாட்டில் பலாப்பா, எங்கள் காரத் துவையல். "எங்கம்மா இடிச்சது, பாபோ. காரம் பத்தலன்னா என்னைத் திட்டுங்க, அம்மாவத் திட்டாதீங்க." வெங்காயத்தாளும் இஞ்சியும் மிளகாயும் வறுத்த தேங்காயும் சேர்ந்த வாசனை அறை முழுக்கப் பரவியது. மொனேரா இன்னொரு கப் அரிசி போட்டாள். அந்தப் பெண் சாப்பிட்டுக்கொண்டே பேசினாள், பேசிக்கொண்டே சாப்பிட்டாள். அறைத்தோழியின் குறட்டை, கணக்கு வாத்தியாரின் வழுக்கை, ஏரியில் செத்து மிதந்த திலாப்பியா மீன். மொனேரா சிரித்தாள். தன் சிரிப்புச் சத்தம் தனக்கே அந்நியமாகக் கேட்டது.

அதற்குப் பிறகு வெள்ளிக்கிழமை தவறியதில்லை. மொனேராவுக்குக் காய்ச்சல் வந்தபோது அந்தப் பெண்தான் கஞ்சி வைத்தாள். "கல்யாணம் பண்ணிக்காம இப்படி ஆமை மாதிரி ஓட்டுக்குள்ளயே கெடக்கீங்களே, பாபோ. லுமாயோன் ஆம்பளைங்களுக்குக் கண்ணு இல்லையா?" என்று கேலி பண்ணினாள். மொனேரா சொல்ல வாயெடுத்த நாட்கள் உண்டு. ஒரு தடவை ஏரிக்கு அக்கரையில் சண்டை மூண்டு, வகுப்புகளை நிறுத்தி, யாரும் வளாகத்தை விட்டு வெளியே போகக்கூடாது என்று ஒலிபெருக்கியில் சொன்னார்கள். அஸ்லைனா இரண்டு நாள் அவள் அறையிலேயே இருந்தாள். பீரங்கிச் சத்தம் கேட்கும்போதெல்லாம் மொனேராவின் தலைத்துணி நுனியைப் பிடித்துக்கொள்வாள்.

"அப்பாவச் சுட்டவன் எப்படி இருப்பான்னு அடிக்கடி நெனப்பேன், பாபோ. கனவுல அவனுக்கு மூஞ்சியே இருக்காது."

அவனுக்கு என் மூஞ்சிதான் என்று சொல்லியிருக்கலாம். அதைவிட நல்ல வேளை கிடைக்காது. மொனேரா சொல்லை மென்று விழுங்கினாள். "தூங்கு" என்றாள், பட்டப்பகல் பதினொரு மணிக்கு.

ஒரு வருஷம் கழிந்து, மழைக்காலத் தொடக்கத்தில் ஊரிலிருந்து அவள் மாமா போன் பண்ணினார்.

"மொனேரா, அல்லா கண்ண தொறந்துட்டான். கமரோடின் எறங்கி வரான். ரெண்டு ஊர் சுல்தான்களும் பேசி முடிச்சாச்சு. வர்ற சனிக்கிழமை சமாதானக் கந்தூரி விருந்து. எங்க தெரியுமா? பொதுவான எடம் வேணும்னு சொல்லி, உங்க யுனிவர்சிட்டி ஜிம்லயே வச்சாச்சு! நீ நடந்தே வந்துரலாம்." மாமா சிரித்தார். "இனி நீ ஊருக்கு வரலாம்மா. உங்கம்மா கபரப் பாக்கலாம்."

பதினொரு வருஷமாக ஐந்து வேளையும் அவள் கேட்ட துஆ அது. போனை வைத்ததும், இந்தச் சமாதானம் நடக்காமல் போனால் தேவலை என்று ஒரு நொடி நினைத்தாள். நினைத்ததும் உடம்பு கூசியது. நடக்காவிட்டால் இன்னும் எத்தனை பேர் சாவார்கள் என்று அவளைவிட யாருக்குத் தெரியும்? தன் மேலேயே அவளுக்கு அருவருப்பு வந்தது.

"இன்னிக்கே போய்ச் சொல்லிரு" என்றாள் எர்லிண்டா. இந்தத் தடவை கேலி இல்லை. "மத்தவங்க வாயால தெரிஞ்சா நீ செத்த, மொனேரா."

அன்று சாயங்காலம் அஸ்லைனாவே ஓடி வந்தாள். முகம் வெளுத்திருந்தது. "பாபோ, அவன் வரானாம். செத்தவர் பிள்ளை கொன்னவனுக்கு ஊட்டினாத்தான் பகை தீருமாம். எனக்கு அண்ணன் தம்பி இல்ல, அதனால நான்தான் அவனுக்குச் சோறு ஊட்டணுமாம். கை நடுங்குமே, பாபோ. நீங்க வாங்க. எங்க வீட்டுப் பொம்பளைங்களோட வரிசைல, என் பக்கத்துலயே உக்காருங்க."

"அன்னிக்கு எனக்கு வேல இருக்கும்மா."

"சனிக்கிழமை என்ன வேல?"

மொனேரா அரிசி களையத் திரும்பிக்கொண்டாள். பெண் மனத்தாங்கலோடு போய்விட்டாள். கூப்பிட்டுச் சொல்ல ஐந்து நாள் இருந்தது. ஐந்து நாளும் போயின.

போகாமல் இருந்துவிடலாம் என்றுதான் நினைத்தாள். மாமா ஒத்துக்கொள்ளவில்லை. கூடப்பிறந்தவர்களில் ஒருத்தர் குறைந்தாலும் சமாதானம் செல்லாது. மனசுக்குள் வஞ்சம் வைத்திருக்கிறார்கள் என்று எதிர்த்தரப்பு எழுந்து போய்விடும். அது வழக்கம். எல்லோருக்கும் இந்த வழக்கத்தை எடுத்துச் சொல்பவளே அவள்தான்.

ஜிம்மில், கூடைப்பந்து ஆடும் தரையில் இரண்டு பக்கமும் பாய் விரித்திருந்தார்கள். மஞ்சள் சோறும் மாட்டிறைச்சியும் பெரிய பெரிய தாம்பாளங்களில் நடுவில் காத்திருந்தன. ராணுவக்காரர்கள் வாசலோடு நின்றார்கள். மொனேரா கடைசியாக வந்து, தன் பக்கத்துப் பெண்களின் வரிசையில், தலைத்துணியை நெற்றி வரை இழுத்துவிட்டுக்கொண்டு உட்கார்ந்தாள். எதிர் வரிசையில் அஸ்லைனாவின் பக்கத்தில் ஓர் இடம் காலியாக இருந்தது. அவள் அடிக்கடி வாசலைத் திரும்பிப் பார்த்தாள்.

கமரோடின் நரைத்துப் போயிருந்தான். குர்ஆன் மேல் கை வைத்து, "அபோலைஸைக் கொன்னது நான்தான். நான் மட்டும்தான்" என்றான். குரல் உடைந்தது. அதன் பிறகு அவன் ஊர்த் தலைவரான சுல்தான் அவன் கூடப்பிறந்தவர்களை ஒவ்வொருவராகப் பெயர் சொல்லி எழுந்து நிற்கச் சொன்னார்.

"கமரோடினின் அக்கா, மொனேரா."

எழுந்தாள். தலைத்துணியை விலக்கினாள். வேறு வழி இல்லை, முகம் தெரிய வேண்டும் என்பதும் வழக்கம்.

அஸ்லைனா பார்த்தாள். கத்தவில்லை, எழுந்து ஓடவில்லை. தம்பியின் முகத்தைப் பார்த்தாள், மறுபடி அக்காவின் முகத்தைப் பார்த்தாள். கனவில் இல்லாத மூஞ்சி அவளுக்கு அன்றைக்குக் கிடைத்துவிட்டது. அவளைக் கூப்பிட்டார்கள். நடுவில் வந்து உட்கார்ந்து, தாம்பாளத்திலிருந்து ஒரு பிடி மஞ்சள் சோறு எடுத்து, கமரோடினின் வாயில் ஊட்டினாள். கை நடுங்கவே இல்லை. பெண்கள் எல்லோரும் அழுதார்கள். மாமா தேம்பித் தேம்பி அழுதார். மொனேராவுக்கு மட்டும் கண்ணீர் வரவில்லை.

திங்கட்கிழமை காலை பத்து மணிக்கு, மூன்றாம் ஜன்னலில் ஒரு காகிதம் நீண்டது. கடற்கரைக் கிளைக்கு மாறுதல் விண்ணப்பம். இரண்டாம் ஜன்னலில் வரிசை சின்னதாகத்தான் இருந்தது. ஆனால் மாறுதலுக்கு மூன்றாம் ஜன்னலில் மட்டும்தான் கையெழுத்து.

"அஸ்லைனா, பகை தீந்துருச்சும்மா. இனிமே போக வேண்டியதில்ல."

"பகை தீந்துருச்சு" என்றாள் பெண். குரலில் கோபம் இல்லை. அதுதான் மொனேராவைப் பயமுறுத்தியது. "உங்க தம்பி எங்கப்பாவக் கொன்னாரு. கொன்னேன்னு எல்லார் முன்னாடியும் சொன்னாரு. என் கையால ஊட்டினேன், அதே தட்டுல நானும் சாப்பிட்டேன். சோறு எறங்கிருச்சு. நீங்க ஒரு வருஷம் எனக்குச் சோறு போட்டீங்க. அதுதான் இப்ப எறங்க மாட்டேங்குது."

"உன்னைத் திருப்பிக் கூட்டிட்டுப் போயிருவாங்கன்னு பயந்தேன்."

"அது மொத நாள். அதுக்கப்புறம்?"

எர்லிண்டா தட்டச்சு செய்வதை நிறுத்தியிருந்தாள். மொனேரா பென்சிலைக் கீழே வைத்தாள். இந்த ஒன்றையாவது உண்மையாகச் சொல்லிவிட வேண்டும் என்று தோன்றியது.

"அதுக்கப்புறம், நீ வராம போயிடுவியோன்னு பயந்தேன்."

பெண்ணுக்குக் கண் நிறைந்தது. புறங்கையால் துடைத்துக்கொண்டாள். "உண்மையச் சொல்லி வான்னு கேட்டிருந்தா, ஒருவேளை வந்திருப்பேன். இப்ப யாருக்குத் தெரியும்."

மாறுதல் காகிதத்தை மொனேரா ஒரு வாரம் இழுத்தடித்திருக்கலாம். பல பேருக்கு இழுத்தடித்திருக்கிறாள், மனசு மாறட்டும் என்று. இதை அங்கேயே படித்தாள், கையெழுத்துப் போட்டாள், முத்திரை குத்தினாள், மை காயும் வரை ஊதினாள். ஜன்னலுக்கு வெளியே நீட்டும்போது இரண்டு பேர் விரலும் ஒரு நொடி காகிதத்தில் இருந்தன.

"நன்றி, பா..." என்று ஆரம்பித்தவள் நிறுத்திக்கொண்டாள். காகிதத்தை நாலாக மடித்தாள்.

"நன்றி, மேடம்" என்று சொல்லிவிட்டு அடுத்தவனுக்கு இடம் விட்டு விலகினாள்.