சிவப்பு வால்

விமானம் விழுந்ததை மைதானமே பார்த்தது. தலைகீழாகப் பார்வையாளர் பந்தலுக்கு நேரே வந்தது, தடுமாறி நிமிர்ந்தது, ஒரு பக்கமாகச் சரிந்து திரும்பியது, ஓடுபாதைக்கு அப்பால் தரிசு நிலத்தில் போய் விழுந்தது. கரும்புகை எழும்பிய பிறகும் கொஞ்சம் பேர் கைதட்டிக்கொண்டிருந்தார்கள். இதுவும் சாகசக் காட்சியில் ஒரு பகுதி என்று நினைத்துவிட்டார்கள், பாவம்.

அந்த விமானத்தின் மெக்கானிக் புகையைப் பார்க்கவில்லை. அண்ணாந்து பாராசூட்டைத் தேடினார். இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரை வானம் வெறுமையாகக் கிடந்தது.

விஷயம் இதுதான். போர் விமானத்தில் விமானி உட்காரும் இருக்கை லேசுப்பட்டதல்ல. ஆபத்தென்றால் ஒரு கைப்பிடியை இழுத்தால் போதும், ஆளோடு சேர்ந்து வெளியே பாய்ந்துவிடும். தரையில் நிற்கும்போது எவன் கையாவது பட்டுத் தொலைத்தால்? அதற்காக அதில் ஒரு பின் செருகி வைத்திருப்பார்கள். பின்னிலிருந்து முழ நீளத்துக்குச் சிவப்புத் துணி தொங்கும். அங்கே வேலை செய்பவர்கள் அதை ‘வால்’ என்பார்கள். விமானி ஏறி உட்கார்ந்து வார்களை மாட்டியதும் மெக்கானிக் வாலை உருவ வேண்டும், அவர் கண்ணுக்கு முன்னால் ஆட்டிக் காட்ட வேண்டும், இறங்கும்போது ஏணிக் கொக்கியில் மாட்ட வேண்டும். உருவ மறந்தால் அந்த இருக்கை வெறும் நாற்காலி.

மெக்கானிக் ஏணிக்கு ஓடினார். கொக்கி காலி. சட்டைப் பையைத் தடவினார், கால்சட்டைப் பைகளைக் கவிழ்த்தார். எங்கும் இல்லை.

மறுநாள் காலையிலேயே விசாரணை. மேசைக்கு அந்தப் பக்கம் இருந்த அதிகாரி நல்ல மனிதர்தான், குரலைக்கூட உயர்த்தவில்லை. “பின்னை உருவினீங்களா?”

“உருவியிருப்பேன் சார்.”

“இருப்பேனா? உருவினேனா?”

எத்தனை வருடப் பழக்கம்! வீட்டைப் பூட்டிவிட்டுத் தெருமுனைக்கு வந்ததும் பூட்டினோமா என்று சந்தேகம் வருமே, அப்படித்தான். கை தன்பாட்டுக்குச் செய்துவிடும், மனதுக்குச் சொல்லாது. அதிலும் அந்த விமானி தினமும் ஒரே ஜோக்கைச் சொல்வார். “வாலை நறுக்கியாச்சா அண்ணே? இனிமே நான் மனுஷன்.” இவரும் தினமும் சிரிப்பார். நேற்றுச் சிரித்தாரா, முந்தாநாள் சிரித்ததைத்தான் நேற்று என்று நினைக்கிறாரா? எவ்வளவு யோசித்தும் பிடிபடவில்லை.

அடுத்து ஏணிக்காரனைக் கேட்டார்கள். விமானம் கிளம்பும் முன் ஏணியைத் தள்ளிக்கொண்டு போகிறவன் அவன். கொக்கியில் வால் இருந்ததா?

“கவனிக்கல சார்,” என்றான். முகத்தில் ஈயாடவில்லை.

எரிந்த குவியலில் இன்னும் தேடுகிறோம் என்றார் அதிகாரி. அந்தப் பின் அங்கே கிடைத்தால் மெக்கானிக்கின் கதை முடிந்தது. வேலை போவது கிடக்கட்டும். அண்ணே, அண்ணே என்று வாய் நிறையக் கூப்பிட்ட ஒரு மனிதனைத் தன் கையாலேயே கட்டிப்போட்டு அனுப்பியிருக்கிறார் என்று ஆகிவிடும். அப்புறம் இருந்தென்ன, செத்தென்ன?

வீட்டில் மனைவி தட்டை எடுத்து வைத்தாள். அவர் சோற்றைப் பிசைந்துகொண்டே உட்கார்ந்திருந்தார்.

“இத்தனை வருஷத்துல ஒரு நாளாவது மறந்திருக்கீங்களா?” என்றாள்.

“மறந்திருந்தா அது எப்படிடி ஞாபகம் இருக்கும்?”

அப்போதுதான் வாசலில் ஏணிக்காரன் வந்து நின்றான்.

“அண்ணே, என்னைக் கொன்னு போடுங்க. வாலு நம்ம பைலட் சாரோட வீட்டம்மாகிட்ட இருக்கு.”

“என்னடா உளர்ற?”

“ஒவ்வொரு தடவை காட்சி நடக்கும்போதும் இதுதாண்ணே. சார்தான் சொல்லி வெச்சிருந்தாரு. நீங்க கொக்கியில மாட்டினதும் நான் எடுத்துட்டுப் போய்ப் பந்தல்ல அவங்க கையில குடுத்துடுவேன். அவரு இறங்கற வரைக்கும் அவங்க வெச்சிருப்பாங்க. இறங்கினதும் வாங்கிட்டு வந்து மறுபடியும் மாட்டிடுவேன். அது அவங்க ரெண்டு பேருக்குள்ள ஒரு இது. உங்களுக்குத் தெரிஞ்சா குதிப்பீங்கன்னு சொல்லல.”

“அப்போ நேத்து நான் மாட்டினேனா?”

“மாட்டினீங்கண்ணே. நான்தானே எடுத்துட்டுப் போனேன்.”

“காலையில அந்த ஆள் கேட்டப்போ ஏண்டா வாயைத் தொறக்கல?”

“வேலை போயிடும்னு பயந்துட்டேன். அப்புறம் மதியம் சோறு இறங்கல.”

பளாரென்று ஒரு அறை விடத்தான் மெக்கானிக் எழுந்தார். எழுந்தவர் அவனைக் கட்டிக்கொண்டு ஓவென்று அழுதார். “அப்பாடா!” என்று மனைவி தரையில் உட்கார்ந்துவிட்டாள். “அப்பாடா!” என்று அவரும் சொன்னார். ஒருவர் செத்து ஒரு நாள்தான் ஆகிறது, இங்கே மூன்று பேர் சந்தோஷப்பட்டார்கள். தப்புதான். போன உயிர் திரும்பி வந்தால் மனிதன் வேறு என்ன செய்வான்?

ஏணிக்காரனையும் கூட்டிக்கொண்டு அப்போதே கிளம்பினார். விமானியின் வீட்டு வாசலில் செருப்புகள் குவிந்து கிடந்தன. அவன் கேட்டருகே நின்றுகொண்டான், இவர் மட்டும் உள்ளே போனார். முன்னறையில் வாடகை நாற்காலிகளில் உறவினர்கள். உள்ளறையில் கட்டிலின் ஓரத்தில் விமானியின் மனைவி உட்கார்ந்திருந்தாள். வலது கையில் சிவப்புத் துணி சுற்றியிருந்தது, காயத்துக்குக் கட்டுப் போட்ட மாதிரி.

“நீங்கதான் அந்த அண்ணனா? உங்களைப் பத்திச் சொல்லிட்டே இருப்பார்.”

வழியில் கோத்து வைத்திருந்த ஆறுதலையெல்லாம் விட்டுவிட்டு விஷயத்துக்கே வந்தார். “அந்த வால்... விசாரணையில காட்டணும்மா. நான் உருவலைன்னு சந்தேகப்படறாங்க.”

அவள் கையைப் பார்த்தாள்.

“இது என்கிட்ட இருக்குன்னா, சீட்டு வேலை செஞ்சிருக்கும். இல்லையா?”

தன் தலை தப்பியதை நினைத்துக்கொண்டே வந்தவருக்கு இந்தக் கேள்வி வரும் என்று உறைக்கவே இல்லை. தெரியலம்மா, ஏதோ கோளாறு என்று ஒரு பொய் சொல்லியிருக்கலாம். வாய் வரை வந்தது.

“செஞ்சிருக்கும்மா.”

“இழுக்க நேரம் இருந்துச்சா?”

“இருந்துச்சு. நிமிர்ந்ததுமே இழுத்திருக்கலாம். ஆனா அப்போ விமானம் பந்தலைப் பார்த்து வந்துட்டிருந்துச்சு. விட்டுட்டு வெளிய வந்திருந்தா நேரா அங்கதான் விழுந்திருக்கும். அதைத் திருப்பிவிட்டாரு. திருப்பினதுக்கப்புறம் நேரம் இல்ல.”

“பந்தல்ல முதல் வரிசையில நான் உட்கார்ந்திருந்தேன்,” என்றாள். “இதைக் கையில வெச்சுக்கிட்டு.”

மெக்கானிக் தலையைக் குனிந்துகொண்டார். முன்னறையில் யாரோ தண்ணீர் கேட்டார்கள். அவள் துணியை மெல்லப் பிரித்தாள். இறுக்கிச் சுற்றியதில் விரல்கள் வெளுத்திருந்தன.

“அவர் இறங்கினா உடனே வந்து வாங்கிட்டுப் போயிடுவாங்க. நேத்து யாருமே வாங்க வரல.” பின்னை அவரிடம் நீட்டினாள். “கொண்டு போங்கண்ணே. உங்களையாவது காப்பாத்தட்டும்.”

இரண்டு கைகளாலும் வாங்கிக்கொண்டார். துணி வேர்வையில் நனைந்திருந்தது.

கேட்டருகே ஏணிக்காரன் நகத்தைக் கடித்துக்கொண்டு நின்றான். “குடுத்தாங்களாண்ணே?”

“குடுத்தாங்க.”

“அப்பாடா!” என்றான் அவன்.

மெக்கானிக் குனிந்து, அந்தக் குவியலில் தன் செருப்பைத் தேடத் தொடங்கினார்.