பேசினால் திறக்கும் தரை

என் வாயைப் பற்றி யார் என்ன வேண்டுமானாலும் சொல்லிக்கொள்ளட்டும். எங்கள் வீட்டில் அடுப்பு எரிவதில் பாதி இந்த வாயால்தான்.

இந்த உலகத்தில் மண் என்பதே கிடையாது. காலுக்குக் கீழே இருப்பதெல்லாம் உயிருள்ள பொருக்கு. ஆறுகிற புண்ணின் மேல் காய்ந்திருக்குமே, அதே நிறம். ஆனால் ஆள் உயரத் தடிமன். வீடு, தெரு, பள்ளிக்கூடம் எல்லாம் அதன் மேல்தான், பேச்சு கீழே எட்டாதபடி தடித்த பலகை போட்டு. தண்ணீர் அதற்கடியில் ஓடுகிறது. கத்தியால் கீறினால் கல்லாக இறுகிவிடும், மாதக்கணக்கில் இளகாது. மனிதக் குரலுக்கு மட்டும்தான் மசியும். பக்கத்தில் உட்கார்ந்து பேசினால் கூச்சப்பட்டதுபோல் நெளிந்து, ஓர் ஆள் இறங்குமளவுக்கு வழிவிடும். பேச்சு நின்றால் மூடிக்கொள்ளும். மேளம், மோட்டார் எல்லாம் வைத்துப் பார்த்தாயிற்று. ஒரே மாதிரி ஓசைக்குச் சீக்கிரமே பழகிப்போய்த் தன்பாட்டுக்கு மூடிவிடுகிறது. ஏற்ற இறக்கத்தோடு, சிரித்தும் சிடுசிடுத்தும் பேச ஆள் வேண்டும். தண்ணீர் நிலையத்தில் அந்த ஆள் நான். குரல்காரி என்பார்கள். என் வீட்டுக்காரர் உள்ளே இறங்கி, பொருக்கிலிருந்து வளர்ந்து குழாய்களை அடைக்கும் நாரைச் சுரண்டுவார். நான் மேலே பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து ஊர்க்கதை பேசுவேன்.

அப்படிப்பட்ட என்னை ஒரு நாள் நிலையத்துச் சாப்பாட்டு அறையில், அத்தனை பேர் நடுவில், "இவ வாயை மூடினா ஊரே நிம்மதியாத் தூங்கும்" என்றார் மனிதர். எல்லாரும் கொல்லென்று சிரித்தார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. மூடித்தானே பார்க்க வேண்டும், மூடிக்காட்டுகிறேன் என்று மூடினேன். மன்னிப்புக் கேட்கும்வரை ஒரு வார்த்தை கிடையாது.

மறுநாள் காலையிலும் அவர் கேட்கவில்லை. நான் அந்த நாற்காலிப் பக்கமே போகவில்லை. குழாய் அடைத்துக் கிடந்ததால் நிலையத்து மேஸ்திரி கையைப் பிசைந்தார். கடைசியில் பள்ளிக்கூடத்து டீச்சரான என் நாத்தனாரை வரவழைத்தார்கள்.

"விடுங்க அண்ணி, நான் பேசறேன். பிள்ளைங்ககிட்ட நாள் முழுக்கக் கத்தறவதானே!" என்றாள்.

அவள் பேச்சுக்கும் தரை திறந்தது. என் வீட்டுக்காரர் இடுப்பில் கயிற்றைக் கட்டிக்கொண்டு இறங்கினார். இறங்கும்முன் என்னைத் திரும்பிப் பார்த்தார். நான் கொட்டகையில் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு பிரஷ்களைக் கழுவிக்கொண்டிருந்தேன்.

நாத்தனாரிடம் இருந்த கதை சீக்கிரமே தீர்ந்துபோயிற்று. பள்ளிக்கூடக் கதை முடிந்து, பக்கத்து வீட்டுக் கதை முடிந்து, வேறு ஒன்றும் தோன்றாமல் பதினாறாம் வாய்ப்பாட்டை ஆரம்பித்தாள். அதை எந்த டீச்சர் ஏற்ற இறக்கத்தோடு சொல்லியிருக்கிறாள்? எனக்கே கண் சொக்கியது. பொருக்குக்குச் சொல்லவா வேண்டும்!

"அண்ணீ!" என்று அவள் அலறியதும் போட்டது போட்டபடி ஓடினேன். திறப்பு இருந்த இடத்தில் சின்னக் குழி மட்டும் இருந்தது. அதிலிருந்து கயிறு நீட்டிக்கொண்டிருந்தது. இரண்டு பேர் சேர்ந்து இழுத்தும் அசையவில்லை.

"உள்ள காத்து ரொம்ப நேரம் தாங்காதும்மா" என்றார் மேஸ்திரி.

அவர் முடிப்பதற்குள் நான் குப்புறப் படுத்து அந்தக் குழியில் வாயை வைத்தேன்.

"யோவ்! என்ன மனுஷன்யா நீ? ஒரு மன்னிப்பு கேட்டா கிரீடம் கீழ விழுந்துடுமா? பொண்டாட்டியைக் கிண்டல் பண்ணித்தான் நாலு பேரைச் சிரிக்க வைக்கணுமா? வெளிய வாய்யா, உன்னை வச்சுக்கறேன்!"

குழி ஓரம் லேசாக நெளிந்தது. இன்னும் சத்தமாகக் கத்தினேன். நெளிந்தது அப்படியே நின்றுவிட்டது.

"அண்ணி, ஒரே மாதிரி கத்தறீங்க! அதுக்குப் பழகிடுச்சு!" என்று நாத்தனார் அழுதாள்.

இருபது வருஷமாக இந்தப் பொருக்கிடம் பேசுகிறவள், கோபத்தில் தொழிலையே மறந்திருக்கிறேன். பாதகத்தி!

குரலைத் தாழ்த்தினேன். "ஏங்க, கேக்குதா? பொண்ணு பாக்க வந்தப்ப எங்கப்பா செருப்பை மாட்டிக்கிட்டுப் போனீங்களே, அவர் தெரு முனை வரைக்கும் வெறுங்காலோட துரத்திட்டு வந்தாரே..." சிரிப்பு வந்துவிட்டது. சிரிப்பிலேயே அழுகையும் வந்தது. "நீங்க இல்லாட்டி நான் யாருகிட்டங்க பேசுவேன்? ஊருக்கெல்லாம் கதை சொல்றேன், நீங்க கேக்கறீங்கன்னுதானே சொல்றேன்! வந்துடுங்க. மன்னிப்பும் வேணாம், கின்னிப்பும் வேணாம்!"

கன்னத்துக்கடியில் தரை சிலிர்த்தது. நான் நிறுத்தவில்லை. கெஞ்சினேன், கொஞ்சினேன், மறுபடி திட்டினேன். என்ன பேசினேன் என்று எனக்கே நினைவில்லை. கயிறு தளர்ந்தது. "பிடி, பிடி!" என்று மேஸ்திரி கத்த, எல்லாரும் சேர்ந்து இழுத்தார்கள். உடம்பெல்லாம் கொழகொழவென்று, இருமிக்கொண்டு, என் வீட்டுக்காரர் வெளியே வந்து விழுந்தார். அப்பாடா! போன உயிர் எனக்குத் திரும்பி வந்தது.

மூச்சு வாங்கி முடித்ததும் அவர் என் முகத்தைத்தான் பார்த்தார். 'ஏங்க' என்று வாயைத் திறந்தேன். வெறும் காற்றுதான் வந்தது. கத்திய கத்தலில் தொண்டை அடியோடு கட்டிக்கொண்டிருந்தது.

தரை மூடியிருந்தால் கீழே அதிர்வு மட்டும்தான் போகும், வார்த்தை எட்டாது. அன்றைக்குப் பேச உட்கார்ந்தவள் தங்கை என்பதால், கத்தியதும் அவள்தான் என்று அவர் நினைத்துக்கொண்டார்.

"இன்னமும் பேச மாட்டியா?" என்றார். கண் கலங்கியிருந்தது. "தப்புதாம்மா. எல்லார் முன்னாடியும் அப்படிச் சொல்லியிருக்கக் கூடாது. கீழ மூடிக்கிட்டதும் கொஞ்ச நேரம் ஒரு சத்தம் இல்ல. நீ பேசாத இடம் எப்படி இருக்கும்னு அப்பதான் தெரிஞ்சுது. பயந்துட்டேன்."

"அண்ணா, இவ்வளவு நேரமும் அண்ணிதான்..." என்று ஆரம்பித்தாள் நாத்தனார். அவள் காலை ஓங்கி மிதித்தேன்.

உண்மையை நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம். அவர் என் கையைப் பிடித்துக்கொண்டு, மேஸ்திரி முதற்கொண்டு அத்தனை பேர் முன்னாலும் பேசிக்கொண்டே இருந்தார். குறுக்கே ஒரு வார்த்தை பேசாமல் அவர் பேச்சை நான் முழுசாகக் கேட்டது அன்றைக்குத்தான்.