நாலா, அஞ்சா

யார் முதுகு உடைந்தாலும் அவளுக்கு அது ஓர் எண்தான். ஆஸ்பத்திரிகளிலிருந்து வரும் அறிக்கைகளைப் படித்து, எந்த எலும்பு, எப்படி உடைந்தது என்று பார்த்து, இன்ஷூரன்ஸ்காரர்களுக்குப் புரியும் கோடாக, அதாவது குறியீட்டு எண்ணாக, மாற்றித் தருவது அவள் வேலை. அடிமுதுகில் எலும்புகள் ஐந்து. ஐந்துக்கும் தனித்தனிக் கோடு. தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் ஒப்பித்துவிடுவாள். அதனால் வீட்டில் அவளுக்கு ‘நம்பர் டாக்டர்’ என்று பெயர். வைத்தது, சுவருக்குப் பெயிண்ட் அடிக்கும் அவளுடைய அண்ணன்.

அந்த அண்ணன்தான் ஏணி சறுக்கி விழுந்து இப்போது ஆஸ்பத்திரிக் கட்டிலில் அசையாமல் கிடந்தான். மறுநாள் காலையில் ஆபரேஷன். தள்ளிப் போட்டால் நரம்பு நசுங்கி, இடது பாதத்தைத் தூக்க முடியாமல் போய்விடும் என்று டாக்டர் சொல்லியிருந்தார். அந்தக் கால்விரல்கள் இப்போதே வேறு யாருடையவோ போல இருக்கின்றன என்றான் அண்ணன்.

அண்ணி இரண்டு தாள்களை அவளிடம் நீட்டினாள். ஸ்கேன் எடுத்தவர்கள் எழுதியதில் நான்காவது எலும்பு உடைந்திருந்தது. ஆபரேஷன் செய்யப்போகும் டாக்டர் எழுதியதில் ஐந்தாவது. ஆபீசாக இருந்தால், தாள்கள் ஒத்துப்போகாதபோது டாக்டரிடம் கேட்டு எழுதிவிட்டுப் பதிலுக்குக் காத்திருப்பாள். ஊகிக்கவே கூடாது என்பதுதான் அந்த வேலையில் சேர்ந்தவுடன் சொல்லித்தரும் பாடம். ஆனால் அண்ணி அவள் வாயையே பார்த்துக்கொண்டு நின்றாள். இரண்டு எண் என்றால் இரண்டு கோடு, இரண்டு கோடு என்றால் இரண்டு முறிவு என்று பழகிய புத்தி முந்திக்கொண்டது.

“ரெண்டு எலும்பு உடைஞ்சிருக்கு அண்ணி.”

அண்ணி அப்படியே ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டாள். அண்ணன் கூரையைப் பார்த்தபடி, டாக்டர் எத்தனை எலும்பைச் சரிசெய்கிறார் என்று கேட்டான். ஒன்று என்றுதான் எழுதியிருந்தது.

“அப்ப இன்னொண்ணை யார் பாப்பாங்க? பாதிச் சுவத்துக்கு அடிச்சிட்டு வேலை முடிஞ்சுதுங்கற மாதிரி இருக்கு. ஆபரேஷனுக்கு நான் கையெழுத்துப் போட மாட்டேன்.”

அவன் வேடிக்கையாகத்தான் சொன்னான். ஆனால் அண்ணி நீட்டிய பேனாவை வாங்கவில்லை.

டாக்டரைத் தேடித் தங்கை படியிறங்கினாள். இறங்கும்போதே கையைப் பின்னால் கொண்டுபோய்த் தன் முதுகெலும்பைத் தடவி எண்ணிப் பார்த்தாள். எங்கே தொடங்குவது என்றே தெரியவில்லை. முன்னால் போகிறவர்களின் முதுகெல்லாம் சட்டைக்குள் எண் மறைத்துவைத்த முதுகுகளாகத் தெரிந்தன. எத்தனையோ முதுகுகளுக்குக் கோடு போட்டிருக்கிறாள், ஒன்றையும் தொட்டுப் பார்த்ததில்லை.

டாக்டர் கணினித் திரை முன் டீ குடித்துக்கொண்டிருந்தார். அவள் சொன்னதைக் கேட்டுவிட்டு, அண்ணனின் முழு முதுகுப் படத்தைத் திரையில் போட்டார். கடைசி விலா எலும்புக்குக் கீழிருந்து எண்ணச் சொன்னார். எண்ணினாள். ஆறு வந்தது. தப்பாகிவிட்டது என்று மறுபடி எண்ணினாள். கீழிருந்து மேலே எண்ணியும் ஆறுதான்.

“எங்க புத்தகத்துல ஆறு கிடையாதே டாக்டர்.”

“உங்க அண்ணனுக்கு இருக்கே. சில பேருக்கு இப்படி ஒண்ணு கூட இருக்கும். ஸ்கேன்ல அடிமுதுகு மட்டும்தான் தெரிஞ்சுது. கடைசி எலும்பை அஞ்சுன்னு வெச்சு அவங்க மேல எண்ணினாங்க, நாலு வந்துது. நான் மேலேர்ந்து எண்ணினேன், அஞ்சு. ரெண்டும் ஒரே எலும்புதாம்மா.”

ஸ்கேன்காரர்களிடம் பேசித் தீர்த்துவிட்டதாகவும், ஒரே வீட்டில் இரண்டு தாளையும் ஒப்பிட்டுப் படிக்க ஆள் இருக்கும் என்று நினைக்கவில்லை என்றும் சொன்னார்.

மேலே வந்து, தான் சொன்னது தப்பு என்று சொன்னாள். உடைந்தது ஒன்றுதான், ஆனால் அண்ணனுக்கு எலும்பு ஒன்று அதிகம்.

“கொஞ்ச நேரம் முன்னாடி ரெண்டு உடைஞ்சுதுன்ன. இப்ப ஒண்ணு உடைஞ்சு ஒண்ணு கூடிப்போச்சுங்கற. எதை நம்பறது?” என்றான் அண்ணன்.

அவள் விரல் விட்டு எண்ணி விளக்கப் பார்த்தாள். நாலு, ஐந்து, ஆறு மூன்றும் தலைக்குள் இடம் மாறி மாறி உட்கார்ந்தன. அவள் முழிப்பதைப் பார்த்து அண்ணனே வழி சொன்னான்.

“நம்பரை விடு. நாங்க விரிசல் அடைக்கறதுக்கு முன்னாடி அந்த இடத்துல சாக்பீஸ்ல கோடு போடுவோம். டாக்டரைக் கூப்பிட்டு என் முதுகுல ஒரு கோடு போடச் சொல்லு.”

எப்படியும் போடத்தான் வேண்டும் என்று டாக்டரே வந்தார். இரண்டு நர்சுகள் அவனை மெல்ல ஒருக்களித்துப் பிடிக்க, படத்தைப் பார்த்துப் பேனாவால் முதுகில் கோடு கிழித்தார். தோலை வெட்டும் முன் அங்கேயே எக்ஸ்ரே பிடித்து இன்னொரு முறை பார்ப்பேன் என்றார். கோடு நேராக இருக்கிறதா என்று அண்ணன் தன் மனைவியைக் கேட்டான். நேராகத்தான் இருக்கிறது என்று அவள் சொன்ன பிறகு, படுத்தபடியே கையெழுத்துப் போட்டான்.

அவன் வாக்கருடன் நடக்கத் தொடங்கியபோது அந்த ஃபைல் அவள் ஆபீசுக்கே வந்தது. சொந்தக்காரர் ஃபைலைத் தொடக்கூடாது என்பதால் பக்கத்து மேசைக்காரி எடுத்துக்கொண்டாள். படித்துவிட்டு நாற்காலியைத் திருப்பினாள்.

“உங்க அண்ணனுக்கு எது உடைஞ்சுது? நாலா, அஞ்சா?”

ஃபைல் பக்கம் திரும்பாமலே அவள் சொன்னாள்.

“டாக்டர்கிட்டயே கேட்டு எழுதுப்பா.”

சொல்லும்போதே அவள் கை தன்னையறியாமல் பின்னால் போய், கடைசி விலாவுக்குக் கீழே ஒவ்வொன்றாகத் தடவிக்கொண்டிருந்தது. இந்த முறையும் பாதியில் எண்ணிக்கை விட்டுப்போயிற்று.