பின்சீட்டுக் குதிகால்

1

இந்தக் கதை என்னுடையதல்ல. முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பிறகு யாரும் என் சட்டையைப் பிடிக்கக் கூடாது. ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் சாப்பாடு பரிமாறிக்கொண்டே என் அண்ணி தன் ஆபீசில் நடந்த சமாச்சாரத்தைச் சொன்னார். நானோ எழுத்தாளன் என்று சொல்லிக்கொண்டு திரிகிறவன். கையில் கிடைத்ததை விடுவேனா? ஒரு விபத்தில் வண்டியை ஓட்டியது யார், பின்னால் உட்கார்ந்திருந்தது யார் என்பதுதான் கதை. இவ்வளவுதான். இதை எழுத எனக்கு நாலு மாதம் ஆகியிருக்கிறது.

முதல் தொடக்கம்: 'மழை பெய்துகொண்டிருந்தது. ஈரச் சாலையில் ஓர் எலக்ட்ரிக் சைக்கிள்—'

மழையாவது ஒன்றாவது. பளீரென்று வெயில். அடித்துவிட்டேன்.

இரண்டாம் தொடக்கம்: 'அவள் ஒரு மெடிக்கல் கோடர். அவளுக்கு—'

அண்ணியை 'அவள்' என்று எழுதக் கை வரவில்லை. கோடர் என்றே இருக்கட்டும், மரியாதையோடு 'அவர்'.

2

மெடிக்கல் கோடிங் தெரியாதவர்களுக்கு ஒரு வார்த்தை. (தெரிந்தவர்கள் ஒரு டீ குடித்துவிட்டு வரலாம்.) ஆஸ்பத்திரியில் டாக்டர் எழுதியதைப் படித்து, ஒவ்வொரு காயத்துக்கும் உரிய எண்ணைப் போடுகிற வேலை. என்ன காயம் என்பதற்கு ஓர் எண், எப்படிப் பட்டது என்பதற்கு இன்னொன்று. எலக்ட்ரிக் சைக்கிளில் போனவர் என்றால் மோதியது காரா, பஸ்ஸா, ரயிலா, குறுக்கே வந்த விலங்கா என்று எல்லாவற்றுக்கும் தனித்தனி எண் உண்டு. ஓட்டியவருக்கு ஒன்று, பின்னால் இருந்தவருக்கு ஒன்று. ஓர் இலக்கம்தான் வித்தியாசம். யாரென்றே தெரியாவிட்டால் அதற்கும் ஒன்று வைத்திருக்கிறார்கள், புண்ணியவான்கள்.

கோடருக்கு இதில் ஒன்பது வருஷ அனுபவம். நாற்காலியில் ஒரு காலை மடித்துப் போட்டுக்கொண்டு, இரண்டு திரைகளையும் மாறி மாறிப் பார்த்து, மளமளவென்று எண் போடுவார். அன்று வந்த ஃபைலில் இருந்தது ஒரு பெண். எலக்ட்ரிக் சைக்கிள், கார், தொடை எலும்பு முறிவு. 'ஓட்டி வந்தவர்' என்று டாக்டர் எழுதியிருந்தார். எண்ணைப் போட்டுவிட்டு அடுத்ததற்குப் போயிருக்கலாம். ஆனால் நர்ஸ் எழுதிய குறிப்பின் கடைசி வரியில் கண் நின்றுவிட்டது: வலது குதிகாலில் கிழிசல், பின்சக்கரக் கம்பியில் சிக்கியது.

"ஓட்டுறவங்க கால் பெடல்ல இருக்கும். பின்சக்கரத்துக்கிட்ட கால் தொங்குறது பின்னால உக்காந்திருக்கிறவங்களுக்குத்தானே?" என்றார் கோடர்.

பக்கத்து சீட்டுக்காரர் திரும்பினார். எண்களில் விட்டுப்போன புள்ளியைக் கண்டுபிடிப்பதில் கில்லாடி என்பதால் அவருக்குப் 'புள்ளி' என்றே பேர்.

"அக்கா, நீங்க கோடரா போலீஸா?"

டீம் லீடரும் வந்துவிட்டார். "டாக்டர் என்ன எழுதியிருக்காரோ அதைப் போடுங்க. நாமளா யூகிக்கக் கூடாது. ரூல் தெரியாதவங்களா நீங்க?"

"யூகிச்சுப் போடலையே சார். டாக்டர்கிட்ட கேட்டு எழுதுறேன்னுதான் சொல்றேன்."

"பதில் வர நாலு நாளாகும். அதுவரைக்கும் ஃபைல் தூங்கும். என் தலைதான் உருளும்."

"உருண்டா உருளட்டும் சார். அந்தப் பொண்ணு ஓட்டலைன்னா, ஓட்டினான்னு என் கையால எப்படிப் போடுறது?"

[இங்கே 'கோடரின் கண்கள் கலங்கின' என்று எழுதியிருந்தேன். கலங்கியதாக அண்ணி சொல்லவில்லை. எடுத்துவிட்டேன்.]

3

டாக்டரிடம் கேட்பதற்கும் முறை உண்டு. கேள்விக்குள் பதில் இருக்கக் கூடாது. 'அவர் பின்னால்தானே இருந்தார்?' என்று கேட்டால் வேலை போகும். 'விபத்தின்போது இவர் வண்டியில் எங்கே இருந்தார்? தெளிவுபடுத்தவும்' என்று மட்டும் கேட்கலாம். எத்தனை தடவை வேண்டுமானாலும் கேட்கலாம், ஆனால் தெரிந்ததாகக் காட்டிக்கொள்ளக் கூடாது.

நாலாம் நாள் பதில் வந்தது. பின்னால் இருந்தவர். திருத்தப்பட்டது.

"பாத்தீங்களா?" என்று புள்ளியிடம் மட்டும் சொல்லிவிட்டு கோடர் எண்ணை மாற்றினார்.

கதை இங்கே முடிந்திருந்தால் ஏதாவது பத்திரிகைக்கு அனுப்பிவிட்டு நிம்மதியாகத் தூங்கியிருப்பேன்.

4

முடியவில்லை. அந்த ஞாயிற்றுக்கிழமை இதையெல்லாம் சொல்லி முடித்த அண்ணி, கரண்டியைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டார்: "தம்பி, அன்னிக்கு என்ன நடந்துச்சுன்னு இன்னொரு தடவை சொல்லுங்களேன்."

இந்தக் கதையின் முதல் வரி பொய். அதை அடிக்கவில்லை, இருக்கட்டும்.

ஒன்றரை வருஷத்துக்கு முன்னால் அண்ணன் புதிதாக ஓர் எலக்ட்ரிக் சைக்கிள் வாங்கினார். "ஒரு ரவுண்டு நான் ஓட்டுறேண்ணா, நீ பின்னால ஏறு" என்றது நான். "பாத்துடா" என்று மட்டும் சொல்லிவிட்டு ஏறிக்கொண்டார். வளைவில் எதிரே பார்க்காமல் திருப்பியது நான். கார் வந்தது. எமர்ஜென்சியில், "யாருப்பா ஓட்டினது?" என்று கேட்டபோது, ஸ்ட்ரெச்சரில் நினைவில்லாமல் கிடந்தவரைக் காட்டி "அண்ணன்" என்றதும் நான்தான். பயம், வேறொன்றுமில்லை. அவர் கண் விழித்ததும் சொல்லிச் சிரித்துக்கொள்ளலாம் என்று நினைத்தேன். மூன்றாம் நாள் போய்விட்டார்.

துக்கம் விசாரிக்க வந்தவர்கள் எல்லாரும் அவரைத்தான் திட்டினார்கள். "கண்ணை எங்க வச்சுக்கிட்டு ஓட்டினாரோ மாப்பிள்ளை, இப்படி நடுத்தெருவுல விட்டுட்டுப் போயிட்டாரே" என்று அண்ணியின் அம்மா தலையில் அடித்துக்கொண்டார். நான் அந்த அறையில்தான் இருந்தேன். போன மாதம் அண்ணன் மகள், எட்டு வயசு, வாசலில் ஒரு தோழியிடம் சொல்லிக்கொண்டிருந்தாள்: "எங்கப்பாவுக்கு ஒழுங்கா ஓட்டத் தெரியாது. அதான் செத்துட்டார்."

அப்போதும் நான் வாயைத் திறக்கவில்லை. என்னை நினைத்தால் எனக்கே அருவருப்பாக இருக்கிறது.

5

அண்ணனின் ஆஸ்பத்திரி ஃபைல் அண்ணியின் பீரோவில் இருக்கிறது. அந்த ஞாயிற்றுக்கிழமை, வழக்கமான பொய்யைச் சொல்லிவிட்டு, அவர் மொட்டைமாடிக்குத் துணி எடுக்கப் போன நேரத்தில் அதைத் திறந்து பார்த்தேன். (திருடன், கோழை, என்ன பேர் வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளுங்கள்.) நாலாம் பக்கத்தில் 'ஓட்டி வந்தவர்'. ஆறாம் பக்கத்தில், தலைக்காயம், விலா எலும்பு எல்லாவற்றுக்கும் கீழே, யாருமே பொருட்படுத்தாத ஒரு வரி: வலது குதிகாலில் கிழிசல், ஏழு தையல்.

அதன் பக்கத்தில் பென்சிலால் ஒரு சின்னக் கேள்விக்குறி. பென்சில் மங்கியிருந்தது, நேற்றுப் போட்டதல்ல.

அப்புறம்தான் எண்ணிப் பார்த்தேன். இந்த ஒன்றரை வருஷத்தில் அண்ணி ஐந்து தடவை கேட்டுவிட்டார். ஐந்து தடவையும் அதே கேள்வி, "அன்னிக்கு என்ன நடந்துச்சு?" ஒரு தடவைகூட "நீங்கதானே ஓட்டினீங்க?" என்று கேட்டதில்லை. துக்கத்தில் திரும்பத் திரும்பக் கேட்கிறார் என்று நினைத்துக்கொண்டிருந்தேன், மடையன். முறைப்படி கேட்டிருக்கிறார். முறைப்படி காத்திருந்திருக்கிறார்.

6

முடிவுகள்.

ஒன்று: அண்ணி மன்னித்துவிடுகிறார். [அவருக்காக இதை எழுத நான் யார்?]

இரண்டு: "என் முகத்துல முழிக்காதீங்க" என்கிறார். [இதை எழுதியபோது எனக்கு ஒரு நிம்மதி வந்தது. அதனாலேயே அடித்தேன்.]

மூன்று: யார் ஓட்டினார் என்று கடைசிவரை தெரியாமலே கதை நின்றுவிடுகிறது. [கதைக்கு அழகுதான், நாலு பேர் பாராட்டுவார்கள். ஆனால் ஒரு குழந்தை தன் அப்பாவைப் பற்றி வாசலில் நின்று என்ன சொல்லிக்கொண்டிருக்கிறது?]

ஆகவே முடிவு எழுதப்போவதில்லை. அண்ணி, இதைப் படிக்கிறவர் நீங்கள்தான். வேறு யாருக்கும் இதை எழுதவில்லை. தாள்களை உங்கள் மேஜையில் வைத்துவிட்டு, குழந்தையைப் பள்ளியிலிருந்து கூட்டிவரப் போகிறேன். நாங்கள் வந்து சேர அரைமணி நேரம் ஆகும். அதற்குள் படித்துவிடுவீர்கள். கதவைத் திறப்பீர்களா, எப்படித் திறப்பீர்கள், எனக்குத் தெரியாது.

அவளிடம் சொல்ல வேண்டிய வாக்கியத்தைப் பல தடவை எழுதிப் பார்த்து, பாதிப் பாதியில் விட்டிருக்கிறேன். இப்போது முழுதாக வந்துவிட்டது. உங்கள் முன்னால்தான் சொல்வேன்:

"அன்னிக்கு ஓட்டினது அப்பா இல்லம்மா. சித்தப்பா."

இதற்குக் கீழே வருவதை நீங்கள் இரண்டு பேரும் எழுதுங்கள்.