லாலா கெம்பார் கேட்க வந்த மன்னிப்பு

பெக்காசி நகரில் என் ஐஸ் டீக் கடையை ஒட்டித்தான் தோஹிர் அண்ணனும் அவர் மனைவி கார்தினா அக்காவும் பாக்ஸோ வண்டி போட்டிருந்தார்கள். கொதிக்கிற சூப்பில் மாட்டிறைச்சி உருண்டைகளை அண்ணன் போட்டுக் கொடுப்பார். அக்கா வறுத்த வெங்காயம் தூவுவாள். இரண்டு பேரும் வாயில்லாப் பூச்சிகள். கெட்ட நேரம், ஒருநாள் மத்தியானம் லாலா கெம்பார் அங்கே வந்து இறங்கினாள்.

பெற்றவர்கள் அவளுக்கு வைத்த பெயர் நூர்லைலா. கெம்பார் என்றால் அமளி. அது அவளே சூட்டிக்கொண்ட பட்டம். தினமும் போனில் லைவ் வந்து யாரையாவது கழுவி ஊற்றுவாள். "மனசுல பட்டதைப் பட்டுனு சொல்றவ" என்று நாடே அவளைத் தலையில் தூக்கி வைத்து ஆடியது. சாக்கடைகூடத்தான் ஒளிவுமறைவில்லாமல் ஓடுகிறது. அதற்கு யாரும் மாலை போடுவதில்லை.

அன்று ஓர் உருண்டையைக் கடித்தாள், போனைப் பார்த்தாள், தூவென்று துப்பினாள்.

"மக்களே, இது மாடு இல்ல, எலி! யோவ், எந்தச் சாக்கடையில பிடிச்ச?"

அண்ணன் கரண்டியும் கையுமாக நின்றார். "மாட்டுக்கறிதான் தங்கச்சி... காலையில சந்தையில வாங்கினது..."

"முழிக்கிற முழியைப் பாருங்க!" லாலா சிரித்தாள். திரையில் இதயங்களாகப் பறந்தன.

மறுநாளிலிருந்து வண்டிப் பக்கம் ஈ காக்கை இல்லை. வந்தவர்களும் தூர நின்று படமெடுத்தார்கள். அண்ணன் பள்ளிவாசலுக்குப் போகக்கூடக் கூசி, வீட்டில் படுத்துவிட்டார். கடைசியில் சுகாதாரத் துறைக்காரர்கள் சோதித்து, அது சுத்தமான மாட்டிறைச்சி என்று அறிவித்தார்கள். லாலாவின் விளம்பரங்கள் ஒவ்வொன்றாகக் கழன்றன. உடனே அவளுக்கு மனசாட்சி விழித்துக்கொண்டது.

வெள்ளை முக்காடு, அழுத முகம் மாதிரி ஒரு பூச்சு, பின்னால் கேமராக்காரர்கள். வந்ததும் அக்காவின் கையைப் பிடித்தாள்.

"அக்கா, என்னை மன்னிச்சிடுங்க..."

"இதையெல்லாம் அணைச்சிட்டு வா," என்றாள் அக்கா.

"எதை அக்கா?"

"கேமராவை. போனையும். எம் புருஷன் வீட்டுல படுத்திருக்காரு. நீ மட்டும் வந்து, அவர் முகத்தைப் பார்த்து, 'பொய் சொல்லிட்டேன்'னு சொல்லு. போதும்."

லாலா போனை ஒரு பார்வை பார்த்தாள். "இவ்வளவு பேர் பாக்குறாங்க. அவங்க முன்னாடி கேட்டாத்தானே மரியாதை?"

"பழி போடும்போது வாய் அவ்வளவு நீண்டுச்சே. இப்ப என்னடி ஆச்சு?"

யாருக்கும் அஞ்சாத அந்தச் சிங்கம் காரில் ஏறிப் போய்விட்டது.

'அணைச்சிட்டு வா' அடுத்த வாரமே சட்டைகளில் அச்சாகி வந்தது. கூட்டமும் வந்தது, சாப்பிட அல்ல. "அக்கா, அந்த வசனத்தை ஒரு தடவை கோபமாச் சொல்லுங்களேன்!" அக்கா கரண்டியை ஓங்கினால், "நடிக்கவே தெரியல, தங்கம்!" என்று அதையும் படமெடுத்து உருகினார்கள். இரண்டு பெண்களையும் தினமும் மோதவிடலாம் என்று ஒரு தொலைக்காட்சிக்காரன் வந்து நின்றான்.

"லாலா சரின்னுட்டாங்க அக்கா."

அக்கா அவனுக்கு ஒரு கிண்ணம் பாக்ஸோ கொடுத்தாள். சாப்பிட்டு முடித்ததும், "கிளம்பு" என்றாள்.

அந்த வாரமே வண்டியைத் தள்ளிக்கொண்டு தொழிற்பேட்டைப் பக்கம் போய்விட்டார்கள். இடத்தை எனக்கு மட்டும்தான் சொன்னார்கள். லாலா இப்போது ஒரு பாட்டுப் போட்டியில் நடுவர்; ஒரு சுரமும் தெரியாமல் பிள்ளைகளைத் திட்டி அழவைக்கிறாள், அதற்கும் கைதட்டுகிறார்கள்.

போன வெள்ளிக்கிழமை அண்ணனைப் பார்க்கப் போனேன். ஷிப்ட் முடிந்த பெண்கள் வண்டியைச் சுற்றி நெருக்கிக்கொண்டு நின்றார்கள்.

"அண்ணே, எனக்கு மிளகாய் தூக்கலா!"

"ஆச்சும்மா, ஆச்சு," என்றார், அடுப்பிலிருந்து நிமிராமலே.